வத்தலக்குண்டு ராஜமையர்

திண்டுக்கல்லினின்றும் தென்மேற்கே கொடைக்கானல் மலையை நாடிச் செல்வோருட் பலர் வத்தலக்குண்டைக் கடந்தே செல்வர். மலையேறுமுன் வண்டி சற்று நிற்கும். இறங்கிக் காப்பி அருந்துவர். வானளாவி நிற்கும் மலைத்தொடரைக் கண்டு மகிழ்வர். மீண்டும் வண்டியேறிப் போவர். அவர்தம் கால் பட்ட அம்மண்ணிலே பிறந்து, இருபத்தாறே ஆண்டுகள் இவ்வுலகில் வாழ்ந்து, தமிழ் உரைநடைக்கு ஒரு புதுவழி காட்டி மறைந்த ஓர் இளைஞரை நினைப்பவர் அவருள் எத்துணையர்? வழிப்போக்கர் அறியாதிருப்பது பெரிதன்று. நம் சங்கத்துக் குடும்பங்களிலேயே அப்பெயரைக் கேட்டறியாத பிள்ளைகள் பலர் உளர் என்பதே நாம் வருந்தத்தக்கது. ஆதலின் ‘கமலாம்பாள் சரித்திரம்’ இயற்றிய ராஜமையரின் வரலாற்றை நம் அங்கத்தினர்க்கும் அவர்தம் இல்லத்தார்க்கும் இங்கே சுருக்கமாக எடுத்துரைக்கத் துணிந்தோம்.

இதனை எழுத யாம் முற்பட்டதற்கு வேறொரு காரணமும் உண்டு. யாம் நன்கறிந்த ஒரு குடும்பத்தில் சில காலத்துக்கு முன் ஒரு பெண்ணுக்கு மணம் பேசி நிச்சயித்திருந்தனர். எங்கிருந்தோ ஒரு சொல் கிளம்பிற்று. முதலிற் சொன்னவர் யார் என்பதை எவரும் அறியார். ஒருவர் ஐயமாகச் சொன்னதை மற்றவர் செய்தியாகச் சொன்னார். மூன்றாமவர் கண்டதுபோலச் சொன்னார். சம்பந்தம் நின்றுபோயிற்று. சில திங்களில் அச்சொல் முழுப்பொய் என்பது வெளியாயிற்று. அதனைச் சுமந்து திரிந்தவருள் ஒருவரேனும் அவ்வீட்டு வாயிலை மிதித்து வருத்தம் தெரிவித்தாரில்லை. யாமும் அச்சொல்லைக் கேட்டிருந்து, மறுத்துரையாமல் வாளாவிருந்தவர்களே. அந்நாட்களில் பழைய புத்தகம் ஒன்றைக் கையிலெடுத்தோம். அதன் முழுப்பெயர் ‘ஆபத்துக்கிடமான அபவாதம் அல்லது கமலாம்பாள் சரித்திரம்’ என்பது. நூற்றிருபத்தைந்து ஆண்டுகளுக்கு முன்னரே நம்மை நம் முகத்துக்கு நேரே காட்டிவைத்த கண்ணாடி அது என்று அப்பொழுது உணர்ந்தோம்.

ராஜமையர் 1872 ஆம் ஆண்டில் வத்தலக்குண்டில் ஓர் அந்தணர் குடும்பத்தில் பிறந்தார். அவ்வூர் அந்நாளில் மதுரை ஜில்லாவைச் சேர்ந்திருந்தது. 1985 இல் திண்டுக்கல்லைத் தலைநகராகக் கொண்டு தனி மாவட்டம் அமைந்தபோது நிலக்கோட்டைத் தாலூகாவோடு கூட அதன்கண் வந்து சேர்ந்தது. மேற்கே பழனிமலைத் தொடர். அதினின்றும் இறங்கிவரும் மஞ்சளாறு. ஆற்றுப் பாய்ச்சலில் நெல்வயல்களும் வெற்றிலைக் கொடிக்கால்களும். நீர் எட்டாத இடங்களில் மழையை நோக்கியிருக்கும் புன்செய் நிலம். இதுவே அவ்வூரின் தோற்றம். வடகிழக்கே திண்டுக்கல் மலைக்கோட்டையும் சிறுமலையும் நிற்க, இடையே விரிந்த சமவெளியில் உழவரும் வணிகரும் நெசவாளரும் அந்தணரும் தத்தம் தெருக்களில் வாழ்ந்து, சந்தையிலும் திருவிழாவிலும் ஒன்று கலந்தனர். ஊரென்பது அந்நாளில் ஒருவரையொருவர் அறிந்த உலகம். ஒரு வீட்டில் அடுப்பு எரியாவிடின் மறுவீடு அறியும். ஒரு வீட்டில் குரல் உயர்ந்தால் தெரு முழுதும் செவிசாய்க்கும். இவ்வுலகைத்தான் பின்னர் அவர் எழுத்தில் வடித்தார்.

அவர் பிறந்த காலம் பெருமாறுதல்கள் நேர்ந்த காலம். திருச்சிராப்பள்ளியிலிருந்து திண்டுக்கல் வழியாக மதுரைக்கு 1875 இல் இருப்புப்பாதை வந்தது. வத்தலக்குண்டார்க்கு அணித்தான நிலையம் அம்மையநாயக்கனூர்; இந்நாளில் அதனைக் கொடைக்கானல் ரோடு என்பர். அதுகாறும் மாட்டுவண்டியிற் பல நாள் பயணம் செய்து காணவேண்டியிருந்த சென்னப்பட்டினம் திடீரென்று அருகில் வந்ததுபோலாயிற்று. அடுத்த ஆண்டே, 1876 இல், தாது வருஷப் பஞ்சம் தொடங்கிச் சென்னை இராஜதானியை 1878 வரை வாட்டியது. நான்கு வயதுச் சிறுவரான ராஜமையர் அவற்றை எவ்வளவு உணர்ந்திருப்பார் என்று கூறுதல் அரிது. ஆயின் புதுமையின் ஓசையும் பழமையின் துன்பமும் ஒருங்கே சூழ்ந்த ஒரு தலைமுறையில் அவர் வளர்ந்தார் என்பது தெளிவு.

ஊரில் தொடக்கக் கல்வியும் பின்னர் மதுரையில் மேற்கல்வியும் பெற்று, அவர் சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரியிற் சேர்ந்து பி.ஏ. பட்டம் பெற்றார். அக்கல்லூரி அக்காலத்தில் தமிழுக்குச் செய்த தொண்டு ஒரு வியப்பு. ‘பத்மாவதி சரித்திரம்’ எழுதிய அ. மாதவையர் அங்குக் கற்றவர். அவரும் ராஜமையர் பிறந்த அதே 1872 இற் பிறந்தவர். பரிதிமாற் கலைஞர் என்று தம் பெயரைத் தமிழாக்கிக்கொண்ட வி. கோ. சூரியநாராயண சாஸ்திரியார் அங்கே கற்று அங்கேயே தமிழ் கற்பித்தவர். ஆங்கிலத்தை முறையாகப் பயின்ற இவ்விளைஞர் பலரும் தமிழை இகழாது, ஆங்கிலத்திற் கண்ட நல்லனவற்றைத் தமிழுக்குக் கொணர விழைந்தனர். ராஜமையர் ஆங்கிலக் கவிகளை ஆர்வத்தோடு கற்றார். அதனினும் மிக்க ஆர்வத்தோடு கம்பரிலும் தாயுமானவரிலும் தோய்ந்தார். பட்டம் பெற்ற பின் சட்டமும் பயின்றார். பட்டதாரிக்கு வக்கீல் தொழிலோ சர்க்கார் உத்தியோகமோ காத்திருந்த காலம் அது. வீட்டார் எதிர்பார்த்ததும் அதுவே. அவர் உள்ளமோ அவ்விரு வழியிலும் நிலைகொள்ளவில்லை.

அந்நாளில் தமிழ் உரைநடையின் நிலை யாது என்பதைச் சிறிது நோக்குதல் வேண்டும். செய்யுளுக்கு ஈராயிரம் ஆண்டு வரலாறு உடைய நம் மொழியில், கற்பனைக் கதையை நீண்ட உரைநடையில் எழுதும் வழக்கம் அப்பொழுதுதான் முளைவிட்டிருந்தது. மாயூரம் வேதநாயகம் பிள்ளையவர்களின் ‘பிரதாப முதலியார் சரித்திரம்’ 1879 இல் வெளிவந்தது. நீதிமன்றத்தில் முன்சீபாக அமர்ந்து மக்களின் வழக்குகளைக் கேட்ட பெரியவர் ஒருவர், கேளிக்கையும் நீதியும் கலந்து அடுக்கடுக்காகக் கதைகள் கூறிய நூல் அது. அதன் பெருமை பெரிது. எனினும் நம் பக்கத்து வீட்டில் வாழும் மனிதர், அவர் பேசும் பேச்சோடும் மனத்தின் உள்ளோட்டத்தோடும் அந்நூலில் நடமாடினாரென்று சொல்லுதற்கில்லை. அவ்வேலை மற்றொருவருக்காகக் காத்திருந்தது.

சி. வி. சுவாமிநாதையர் சென்னையில் ‘விவேக சிந்தாமணி’ என்னும் மாதப் பத்திரிகையை நடத்திவந்தார். புதிதாக எழுத விழைந்த பட்டதாரிகளுக்கு அது ஒரு களமாயிற்று. அதன்கண் 1893 இல் ராஜமையர் தம் கதையைத் தொடங்கினார். அப்பொழுது அவருக்கு வயது இருபத்தொன்று. மாதந்தோறும் சிறிது சிறிதாக 1895 வரை அது வெளிவந்தது; 1896 இல் நூலுருப் பெற்றது. தமிழில் தொடர்கதையாக வந்து முற்றுப்பெற்ற நாவல்களுள் அது மிக முந்தியது. இருபத்தொரு வயதில் ஒருவர் காதலைப் பாடலாம், கோபத்தைப் பாடலாம். நடுவயதுத் தம்பதியரின் பிணக்கையும் பரிவையும், கூட்டுக் குடும்பத்தின் பொறாமையையும், இழப்பில் உடையும் உள்ளத்தையும் அவ்வயதில் ஒருவர் அறிந்து எழுதினார் என்பதே அறிஞரை இன்றும் வியப்பிலாழ்த்துவது.

கதை நிகழுமிடம் மதுரை ஜில்லாவில் சிறுகுளம் என்னும் கிராமம். முத்துஸ்வாமி ஐயர் செல்வர், நல்லவர், ஆனால் எளிதிற் கலங்குபவர். அவர் மனைவி கமலாம்பாள். அவர்கள் மகள் லக்ஷ்மி. சென்னையிற் படிக்கும் ஸ்ரீநிவாசன் மருமகன். தம்பியின் குடும்பம் ஒருபுறம். தம்பி மனைவியின் பொறாமை அதன் நடுவே. தவமிருந்து பெற்றதுபோல் வந்த ஆண் குழந்தை காணாமற் போகிறது. செல்வம் குலைகிறது. துன்பம் ஒன்றன்பின் ஒன்றாக வருங்கால், அவற்றுக்கெல்லாம் மகுடம் வைத்தாற்போலக் கமலாம்பாளின் நடத்தையைக் குறித்து ஓர் அபவாதம் கிளம்புகிறது. மனையாளைப் பல்லாண்டு அறிந்த கணவரும் அதனைக் கேட்டு மனம் பேதலித்து இல்லம் துறந்து போகிறார். சிதம்பரத்தில் சச்சிதானந்த சுவாமிகள் என்னும் துறவியின் அருளால் அவர் தெளிவடைகிறார்; பிரிந்தவர் கூடுகின்றனர்; தொலைந்த மகனும் மீள்கிறான். கதையின் எலும்புக்கூடு இவ்வளவே.

இவ்வெலும்புக்கூட்டுக்கு உயிரூட்டியது ஊர்ப்பேச்சு. ஆற்றங்கரையில் குடங்களோடு கூடும் பெண்டிர் ஊர்ச் செய்திகளை அலசும் கூட்டத்துக்கு ராஜமையர் ஒரு மகாசபையின் அந்தஸ்தையே கொடுத்து, அதன் நடவடிக்கைகளை ஓர் அரசாங்க சபையைப்போலவே வருணிக்கிறார். படிப்போர் சிரித்துச் சிரித்து மாள்வர். ஆயினும் சிரிப்பின் அடியில் ஒரு கத்தி இருக்கிறது. அச்சபையிற் பொழுதுபோக்காகப் பிறந்த சொற்களே பின்னர் ஒரு குடும்பத்தின் வாயிலை அடைக்கின்றன. தீயவர் ஒருவர் சூழ்ச்சி செய்து ஒரு வீட்டைக் கெடுத்தார் என்று எழுதியிருப்பின் அது சாதாரணக் கதையாகும். நாமும் அத்தீயவரைக் கடிந்துவிட்டு நிம்மதியாக உறங்கியிருப்போம். தீமையென்று எவரும் எண்ணாத வீண்பேச்சே வீட்டைக் கெடுக்கிறது என்று அவர் காட்டினார். ஆதலின் அக்கதையைப் படித்து முடித்தவர் கடிந்துகொள்ள வேண்டியவர் தம்மையே ஆகின்றனர்.

அவர் கையாண்ட தமிழும் இக்கருத்துக்கு ஏற்றதே. கதை கூறும் இடங்களில் கற்றோர் நடை. மாந்தர் வாய்திறக்கும்போது அவரவர் வீட்டுப் பேச்சு. அத்தையும் மாட்டுப்பெண்ணும், ஊர்ப்பெரியவரும் வேலைக்காரரும் பேசுங்கால் அவர் அவர்களுக்குப் புலவர் நடையைக் கடனாகக் கொடுக்கவில்லை. ஆடுசாபட்டி அம்மையப்ப பிள்ளை என்னும் தமிழ்ப் புலவர் ஒருவர் இக்கதையில் வருகிறார். செய்யுளைக் கடலெனக் கற்று உலகியலைத் துளியும் அறியாத அவரைக் கண்டு சிரிக்காதவர் இலர். அவரை வெறுப்பவரும் இலர். நகைக்கத்தக்கவரையும் நேசிக்கும்படி எழுதுவது எல்லோர்க்கும் கைவருவதன்று. ஜல்லிக்கட்டுக் காட்சி ஒன்றும் உண்டு. மதுரை, திண்டுக்கல் சீமையின் உயிர்ப்பு அதனுள் துடிக்கிறது.

குறைகளையும் மறைத்தலாகாது. நூலின் முற்பகுதியில் உள்ள கலகலப்பு பிற்பகுதியில் குன்றி, வேதாந்த விசாரம் மேலோங்குகிறது என்பர் விமரிசகர். அது உண்மையே. கதைக்காரர் எழுதத் தொடங்கிய நூலை ஒரு சாதகர் எழுதி முடித்தார் என்றே தோன்றுகிறது; அம்மூன்றாண்டுகளில் அவர் உள்ளம் சென்ற வழியை அந்நூலே நமக்குக் காட்டுகிறது. மற்றொன்று: கள்வர் தலைவனொருவனை அவர் குலப்பெயரோடு படைத்தார். ஒரு குலத்தாரை முழுதுமே குற்றவாளிகளாகக் கருதிய அக்காலத்து எண்ணத்தின் நிழல் அப்படைப்பில் விழுந்திருக்கிறது. இன்று அதனைப் படிப்போர், அதிலும் நம்போன்ற ஒரு சாதிச் சங்கத்தைச் சேர்ந்தோர், அவ்விடத்தைக் கடக்கும்போது சற்று நின்று சிந்தித்தல் கடமை. பிறர் குலத்தைப் பற்றிக் கேள்விப்பட்டதை உண்மையென்று கொள்ளுவதும் ஓர் அபவாதமே அன்றோ?

ராஜமையரை நம்மவர் என்று நாம் உரிமை கொண்டாடுவது இயல்பு. ஆயின் அவர் நம்மைப் புகழ்ந்து எழுதியவர் அல்லர் என்பதையும் நினைவிற் கொள்ளல் வேண்டும். தாம் பிறந்து வளர்ந்த அக்கிரகாரத்தின் திண்ணையையும் கூடத்தையும் ஆற்றங்கரையையும் அவர் வெளியிலிருந்து இகழவில்லை. உள்ளிருந்து கண்டு உள்ளபடி எழுதினார். அன்பில்லாதவர் அவ்வாறு எழுத முடியாது. அஞ்சுபவரும் எழுத முடியாது. சொந்தக்காரரும் அண்டைவீட்டாரும் தம்மைத் தாமே அடையாளம் காணக்கூடிய எழுத்தை மாதந்தோறும் அச்சிலேற்றிய அவ்விளைஞரின் துணிவை எண்ணிப் பார்க்கவேண்டும். நம்மைக் கண்டு நாமே நகைக்கக் கற்பித்தவரை நம்மவர் என்று கொள்ளும் உரிமை, அந்நகைப்பைத் தாங்குபவர்க்கே உண்டு.

கதை முடிவுற்ற அக்காலத்தில் அவர் வாழ்க்கை வேறொரு திசையில் திரும்பியது. அமெரிக்காவிற்கு 1893 இற் சென்று புகழ்பெற்ற விவேகானந்த சுவாமிகளுக்குச் சென்னையில் அடியார் குழாம் ஒன்று இருந்தது. அவர்கள் 1895 இல் ‘பிரம்மவாதின்’ என்னும் ஆங்கிலப் பத்திரிகையைத் தொடங்கினர். அதில் ராஜமையர் எழுதிய கட்டுரை மனிதனின் சிறுமையையும் பெருமையையும் ஆராய்வது. அப்பத்திரிகை கற்றுத் துறைபோயவர்க்கே உரியதாயிருந்தமையின், இளைஞரும் எளிதில் விளங்கிக்கொள்ளும்படி கதைகளும் எளிய கட்டுரைகளும் கொண்ட மற்றொரு பத்திரிகை வேண்டுமென்று கருதினர். விழிப்புற்ற பாரதம் என்று பொருள்படும் ‘பிரபுத்த பாரதா’ 1896 ஜூலையில் சென்னையில் தோன்றியது. பி. ஐயசாமி, ஜி. ஜி. நரசிம்மாச்சாரியார், பி. வி. காமேசுவர ஐயர், டாக்டர் நஞ்சுண்டராவ் முதலானோர் அம்முயற்சியில் ஈடுபட்டனர். ஆசிரியப் பொறுப்பு இருபத்துநான்கு வயது ராஜமையரிடம் வந்தது. முதல் இதழை இங்கிலாந்திற் கண்ட சுவாமிகள் அம்முயற்சியைப் பாராட்டி, அதன் அட்டைப்படம் மட்டும் கண்ணுக்கு நன்றாயில்லையென்று கடிதத்தில் கடிந்துகொண்டார்.

மாதந்தோறும் ஓர் இதழை நிரப்புவது எத்தகைய உழைப்பென்பதை இத்தகைய பத்திரிகை நடத்துவோர் அறிவர். நம் சங்கத்தின் இச்சிறு வெளியீட்டுக்கே கட்டுரை வேண்டிப் பலரை நாம் பன்முறை இரக்கவேண்டியிருக்கிறது. ராஜமையர் அவ்விதழ்களுக்குப் பெரும்பகுதியைத் தாமே எழுதினார். ஒருவரே எழுதுவதாகத் தோன்றலாகாதென்றோ, தம் பெயர் விளங்கவேண்டுவதில்லையென்றோ, பல புனைபெயர்களைச் சூட்டிக்கொண்டார். வாசுதேவ சாஸ்திரி என்பாரைப் பற்றிய ஓர் ஆங்கிலக் கதையையும் அதில் தொடராக எழுதிவந்தார். உண்மையான பெருமை எது என்பதே அதன் கரு. புகழை நாடும் வயதில் புகழை மறைத்துக்கொண்டு உழைத்தார் என்பது அவர் எழுதியதை அவரே வாழ்ந்தார் என்பதற்குச் சான்று.

ஈராண்டு இவ்வாறு கழிந்தது. உழைப்பு மிக்கது, உடல் நலிந்தது. நோய்வாய்ப்பட்ட ராஜமையர் 1898 ஆம் ஆண்டு மே மாதம் 13 ஆம் நாள் இவ்வுலகை நீத்தார். அவர் இல்லாமல் பத்திரிகை நிற்கமுடியவில்லை. அடுத்த மாதத்து இதழோடு சென்னையில் அது நின்றுபோயிற்று. ஒருவர் மறைவால் ஒரு பத்திரிகையே மறைந்ததெனின், அவர் அதற்கு எத்துணை இன்றியமையாதவராய் இருந்தாரென்பது விளங்கும். ஆயின் விவேகானந்த சுவாமிகள் அதனை அழியவிடவில்லை. அவ்வாண்டு ஆகஸ்டு மாதத்திலேயே இமயமலைச் சாரலில் உள்ள அல்மோராவிலிருந்து சுவாமி சுவரூபானந்தரை ஆசிரியராகவும் சேவியர் தம்பதியரைத் துணைவராகவும் கொண்டு அது மீண்டும் வெளிவரலாயிற்று. அதன் புத்துயிரை வாழ்த்திச் சுவாமிகள் ஆங்கிலத்தில் ஒரு கவிதையும் இயற்றினார். மறுவருஷம் மாயாவதிக்கு மாறி, நூற்றாண்டு கடந்தும் அது நடந்துவந்திருக்கிறது. வத்தலக்குண்டு இளைஞர் ஒருவர் சென்னையில் ஊன்றிய வித்து இமயத்தில் மரமாயிற்று.

அவர் அப்பத்திரிகையில் எழுதியவற்றையெல்லாம் தொகுத்து ‘ராம்பிள்ஸ் இன் வேதாந்தா’ என்னும் பருத்த ஆங்கில நூலாக 1905 இல் வெளியிட்டனர். தமிழில் அவர் விட்டுச்சென்ற நாவல் ஒன்றே. அவ்வொன்றைச் சென்ற நூற்றாண்டின் விமரிசகர் பலரும் தமிழ் நாவலின் முன்னோடிகளுள் தலைசிறந்ததென எடுத்துக்கூறினர். அவர் மறைந்து சரியாக நூறாண்டு நிறைந்த 1998 இல் ஸ்டூவர்ட் பிளாக்பர்ன் என்னும் அமெரிக்க அறிஞர் அதனை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து வெளியிட்டார். கடல் கடந்த நாட்டார் ஒருவர் சிறுகுளத்து ஆற்றங்கரைப் பேச்சைத் தம் மொழியிற் கொண்டுசெல்லத் தக்கதென்று கருதினார். அணித்தே உள்ள நாம் அதனைப் படித்தோமா என்று நம்மைக் கேட்டுக்கொள்ள வேண்டாவா?

வத்தலக்குண்டின் எழுத்து மரபு அவரோடு முடிந்துவிடவில்லை. விடுதலைப் போரில் சிறைக்கொடுமை பட்டுத் தொழுநோயுற்று, எழுதுகோலைக் கீழே வையாத சுப்பிரமணிய சிவா 1884 இல் அவ்வூரிற் பிறந்தவர். ‘மணிக்கொடி’யைச் சிறுகதைக்கென்றே 1935 முதல் நடத்திய பி. எஸ். ராமையாவும் அவ்வூரில் 1905 இற் பிறந்தவரே. 1959 இல் ‘எழுத்து’ என்னும் ஏட்டைத் தொடங்கித் தம் கைப்பொருளை இழந்து நடத்திய சி. சு. செல்லப்பா அவ்வூரில் வளர்ந்தவர். ‘வாடிவாசல்’ என்னும் அவருடைய கதை ஜல்லிக்கட்டைப் பொருளாகக் கொண்டது. அறுபதாண்டுகளுக்கு முன் ராஜமையர் தீட்டிய காட்சி அதன் முன்னோர் எனலாம். இந்நால்வரிடமும் ஒரு பொதுத்தன்மையைக் காண்கிறோம். நால்வரும் பத்திரிகை நடத்தினர். நால்வரும் அதனாற் பொருள் ஈட்டினாரல்லர். தம் உடலையோ செல்வத்தையோ அதற்கு ஈந்தனர். மஞ்சளாற்று நீரில் ஏதோ இருக்கிறதென்று வேடிக்கையாகச் சொல்வாரும் உண்டு.

இத்தகையோர்க்கு நாம் செய்யத்தக்கது யாது? சிலை எடுக்கலாம், மண்டபம் கட்டலாம், அவற்றுக்குப் பொருள் வேண்டும், காலம் வேண்டும். நூலைப் படிப்பதற்கு அவை வேண்டா. ‘கமலாம்பாள் சரித்திரம்’ பல பதிப்புகளாக இன்றும் கிடைக்கிறது. நம் ஒவ்வொரு குடும்பத்திலும் இரவு உணவுக்குப் பின் ஓர் அத்தியாயம் ஒருவர் படிக்க மற்றையோர் கேட்பாராக. பழைய நடை முதல் சில பக்கங்களில் பிள்ளைகளைத் தடுக்கலாம். பாட்டிமார் இருக்கும் வீடுகளில் அத்தடை இராது, ஏனெனில் அவர்கள் பேசும் பேச்சே அதில் இருக்கிறது. அம்மையப்ப பிள்ளை வந்துவிட்டாராயின் பின் பிள்ளைகளே புத்தகத்தைக் கீழே வைக்கவிடமாட்டார்கள்.

படிக்குங்கால் நகைப்போடு நிறுத்திவிடலாகாது. ராஜமையர் காட்டிய ஆற்றங்கரைச் சபை இன்று கலைந்துவிட்டதா? குடமெடுத்து நீருக்குச் செல்வார் குறைந்தனர், சபையோ வளர்ந்திருக்கிறது. ஒவ்வொருவர் கையிலும் உள்ள தொலைபேசியே ஆற்றங்கரையாயிற்று. அந்நாளில் ஓர் அபவாதம் சிறுகுளத்தைச் சுற்றிவர ஒரு பகல் ஆயிற்று; இந்நாளில் திண்டுக்கல்லிற் கிளம்பியது சிங்கப்பூரை எட்ட ஒரு நொடி போதும். பெண்டிர்மேல் மட்டும் இப்பழியைச் சுமத்துதலும் நேர்மையன்று. ஆடவர் அதில் சிறிதும் பின்தங்கியவரல்லர் என்பதை நம் சங்கத்துக் கூட்டங்கள் முடிந்த பின் திண்ணையில் நிகழும் உரையாடல்களே காட்டும்.

முன்னர்க் குறித்த அக்குடும்பத்தாரிடம் யாம் பின்னர்ச் சென்றோம். அச்சொல்லைக் கேட்டும் மறுத்துரையாமல் இருந்த எம் பிழையைச் சொல்லி வருந்தினோம். அவ்வீட்டுப் பெரியவர் எம்மை வெறுத்துரைக்கவில்லை. அமரச் செய்து மோர் கொடுத்தார். பெண்ணின் தாய் மட்டும் உள்ளிருந்து வரவில்லை. அவ்வம்மையின் மௌனம் எமக்கு உரிய தண்டனையே. கதையில் முத்துஸ்வாமி ஐயர் தெளிவடைந்து மீண்டு வருகிறார்; கமலாம்பாள் அவரை ஏற்றுக்கொள்கிறாள். வாழ்க்கையில் எல்லாக் கதைகளும் அவ்வாறு முடிவதில்லை. ஆதலின் சொல் வெளிப்படுமுன் காப்பதே வழி.

இருபத்தாறு ஆண்டுகளில் ஒருவர் ஒரு நாவல் எழுதினார்; ஒரு பத்திரிகையை நிறுத்திக் காட்டினார்; பின்னர் மறைந்தார். அவர் வாழ்ந்த காலத்தினும் மும்மடங்கு வாழும் பேறு பெற்ற நம்மவர் பலர். ஒருவரைப்பற்றிய தீச்சொல் நம் செவிக்கு வருங்கால், அதனை நாம் கண்டோமா என்று ஒருமுறை வினவி, காணாததை அவ்விடத்திலேயே நிறுத்திவிடும் வழக்கத்தை நம் இல்லங்களில் ஏற்படுத்துவோமாயின், வத்தலக்குண்டு ராஜமையர்க்கு நாம் செய்யும் நன்றி அதுவேயாகும். அந்நல்வழக்கம் நம் குடும்பங்களில் வேரூன்றி வளர்வதாக.